வழக்கின் நடுவே வரும் கட்டளை: மேன்முறையீட்டின் எல்லை எதுவரை?

காணி வழக்கொன்றில் இறுதித் தீர்ப்பு வருமுன்னர் மாவட்ட நீதிமன்றம் பல கட்டளைகளைப் பிறப்பிக்கிறது. ஆவணத்தை ஏற்பதா, வழக்குரையைத் திருத்த இடமளிப்பதா, தவணை கொடுப்பதா என்பன அவற்றுட் சில. இவை வெறும் நடைமுறை விடயங்கள் எனப்படுகின்றன. ஆனால் இடப்பெயர்வில் உறுதியைத் தொலைத்த ஒருவருக்கு, பிந்திக் கிடைத்த பிரதியை ஏற்க மறுக்கும் கட்டளையே வழக்கின் முடிவாகிவிடலாம்.

அதை எதிர்த்து மேலே போகலாமா? போகலாம், ஆனால் பாதை ஒடுக்கமானது. குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 754 ஆம் பிரிவு தீர்ப்பையும் கட்டளையையும் வேறுபடுத்துகிறது. தீர்ப்புக்கு எதிரான மேன்முறையீடு உரிமையானது. கட்டளைக்கு எதிராக முதலில் அனுமதி பெறவேண்டும். அதற்கான கால எல்லை 14 நாட்கள். கட்டளை வழங்கிய நாளும் ஞாயிறும் பொது விடுமுறைகளும் அதில் சேரா. 2006 ஆம் ஆண்டின் 54 ஆம் இலக்கச் சட்டத்துக்குப் பின்னர் இத்தகைய மனுக்களை மாகாணங்களின் குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றங்கள் விசாரிக்கின்றன.

அடுத்த தடை அரசியலமைப்பிலேயே உள்ளது. தவறோ ஒழுங்கீனமோ இருந்தாலும், அது தரப்பினரின் முக்கிய உரிமைகளைப் பாதிக்கவில்லை, நீதி தவறவில்லை என்றால் கட்டளையை மாற்றக்கூடாதென 138 ஆம் உறுப்புரை கூறுகிறது. மீளாய்வு மனு இன்னொரு வழி. ஆனால் மேன்முறையீட்டு வழி இருக்கையில், விசேட சூழ்நிலை காட்டினாலன்றி நீதிமன்றங்கள் பொதுவாக அதில் தலையிடுவதில்லை.

இந்தக் கட்டுப்பாட்டில் நியாயம் உண்டு. ஒவ்வொரு கட்டளைக்கும் மேன்முறையீடு என்றால், பணபலம் உள்ள எதிராளி வழக்கை ஆண்டுக்கணக்கில் இழுத்தடிப்பார். அதில் முதலில் களைத்துப்போவது வசதி குறைந்தவரே.

சிக்கல் வேறிடத்தில் இருக்கிறது. முன்கூட்டியே பட்டியலிடாத ஆவணத்தைப் பொதுவாக நீதிமன்றத்தின் அனுமதியின்றிச் சான்றாக ஏற்கமுடியாது என்கிறது 175 ஆம் பிரிவு. ஆவணங்கள் கைவசம் உள்ள ஒருவரை மனதில் வைத்தே இவ்விதி இயங்குகிறது. பல தடவை இடம்பெயர்ந்தவரும், உறவினர் வெளிநாட்டில் இருக்கத் தனியே வழக்காடுபவரும் அந்த வரையறைக்குள் வருவதில்லை. இவர்களுக்கு நடைமுறைக் கட்டளைக்கும் முக்கிய உரிமைக்கும் இடைவெளி மிகக் குறைவு.

அந்த உண்மையை மேன்முறையீட்டு நீதிமன்றம் தானாக அறியாது. அது பார்ப்பது வழக்கேட்டை. ஆவணம் எப்போது, எப்படித் தொலைந்தது, காணிப் பதிவகத்தில் பிரதி கேட்டது எப்போது, அது இல்லாவிட்டால் உரித்தை நிரூபிக்க வேறு என்ன உண்டு என்பவை மாவட்ட நீதிமன்றத்திலேயே சத்தியக்கூற்று மூலம் பதிவாக வேண்டும். கட்டளையின் சான்றுப்படுத்திய பிரதிக்கு அன்றே விண்ணப்பிக்க வேண்டும். அனுமதி கேட்டு மனுச் செய்ததனால் மட்டும் விசாரணை நின்றுவிடாது. இடைநிறுத்தக் கட்டளையைத் தனியாகக் கோரவேண்டும்.

எல்லாக் கட்டளைகளையும் எதிர்ப்பது பணத்தையும் காலத்தையும் தின்னும். காணியைக் கையைவிட்டுப் போகச்செய்யும் ஒரு கட்டளையை விட்டுவிடுவது அதைவிடப் பெரிய இழப்பு. எது எந்த வகை என்பதைக் கட்டளை வந்த அன்றே சட்டத்தரணியிடம் கேட்டுத் தெளிவதே, 14 நாள் கொண்ட இந்தச் சட்டத்தில் சாதாரண மக்களுக்கு உள்ள பாதுகாப்பு.