கோடம்பாக்கத்துக்கு ஏன் ரயில் ஏறணும்?

பெரம்பலூருக்கு ரயில் கிடையாது. சினிமா ஆசை வந்தா அரியலூர் போய்த்தான் ஏறணும். என் கூடப் படிச்ச ஒருத்தன் அப்படித்தான் ஏறினான். திருவிழா நாடகத்துல பபூன் வேஷம் கட்டினா, எழுதி வச்ச வசனம் ஒரு வரி இல்லாம அரை மணி நேரம் சிரிக்க வைப்பான். சென்னையில எட்டு வருஷம் கிடந்தான். கிடைச்சது கூட்டத்துல நிக்கற வேஷம்.

"திறமை இருந்தா ஜெயிச்சிருப்பான்"னு சொல்ற நண்பர்களே, கொஞ்சம் நில்லுங்க.

மகாராஷ்டிராவுல மாலேகான்னு ஒரு விசைத்தறி ஊர். அங்க வீடியோ பார்லர் நடத்தின நாசிர் ஷேக், 2000-ல ஷோலேயைக் கிண்டல் பண்ணி, உள்ளூர் ஆட்களை வச்சே படம் எடுத்தார். அப்புறம் சூப்பர்மேன். நாயகன் ஷஃபீக், ஒல்லிப்பிச்சான் தறித் தொழிலாளி. கையில கிடைச்சதை வச்சு அங்கங்கே சமாளிச்சு எடுத்த காமெடி. ஃபைஸா அகமது கான் 2008-ல அதை ஆவணப்படமாக்கினார். 2011-ல ஷஃபீக் புற்றுநோயில போயிட்டார். பாலிவுட் அவங்க கதையைத் தியேட்டருக்குக் கொண்டு வந்தது 2025-ல!

பாலிவுட் லேட்டா வந்தது பெரிய விஷயமில்லைங்க. ஷஃபீக் அதுக்காகக் காத்திருக்கலை. அவர் ஊரே அவரை முன்னாடி நாயகனாக்கிடுச்சு. நம்ம ஊர்? ஆளுக்கொரு செல்போன் கேமரா இருக்கு. அதுல சென்னை ஹீரோ கட்அவுட்டுக்கு நடக்கற பாலாபிஷேகத்தை எடுக்கறோம். பபூனை யாரும் எடுக்கலை. குறை அவன்கிட்ட இல்லை, நம்மகிட்டதான்.

அவன் ஊருக்குத் திரும்பிட்டான். வர்ற திருவிழாவுக்கு என் கேமரா ரெடி. கூட யார் வர்றீங்க?