தற்காப்பு என்னும் முகமூடி

அணுசக்தி நீர்மூழ்கிகளைக் கட்டும் வல்லரசுகள் உலகிற்கு ஓர் ஆறுதல் கூறுகின்றன. கண்டம் விட்டுக் கண்டம் பாயும் அணு ஏவுகணைகளைச் சுமப்பவை வேறாம், ‘தாக்குதல் நீர்மூழ்கிகள்’ அணுசக்தியால் இயங்குவன மட்டுமேயாம், அவை தற்காப்புக்கானவையாம். இவ்வாதத்தைப் பரிசோதிக்க மந்திரிமாரின் பேச்சுகள் வேண்டியதில்லை. கப்பலின் அமைப்பே சாட்சி சொல்லும்.

டீசல் நீர்மூழ்கி தன் மின்கலங்களுக்கு மின்னேற்றக் காற்றைத் தேடி மேலெழ வேண்டும். அணு உலைக்கோ காற்று வேண்டியதில்லை. உலையின் வெப்பம் நீரை ஆவியாக்க, ஆவி சுழலிகளை ஓட்டுகிறது. 1955இல் இவ்வாறு முதன்முதல் கடலோடிய அமெரிக்காவின் ‘நோட்டிலஸ்’, 1958இல் வடதுருவப் பனியின் அடியாகவே சென்றது. இன்றைய ‘வெர்ஜீனியா’ வகைக் கப்பல் ஏறத்தாழ 115 மீற்றர் நீளமுடையது. அதன் உலை 33 ஆண்டுகள் எரிபொருள் மாற்றாது இயங்கும். குடிநீரையும் மூச்சுக்காற்றையும் அது கடல்நீரிலிருந்தே பெறுகிறது. மாலுமிகளின் உணவு தீரும்வரை அது வெளிவர வேண்டியதில்லை. கடற்கலங்களுக்கு டோர்ப்பிடோ, தரைக்கு, 1,500 கிலோமீற்றருக்கும் அப்பால் பாயும் டொமாஹோக். சொந்தக் கரையைக் காப்பவனுக்கு இத்தனை நீண்ட கை எதற்கு?

வரலாறும் இதையே கேட்கிறது. 1982 மே 2ஆம் நாள் பிரித்தானியாவின் ‘கொன்கரர்’, ஆர்ஜென்டீனாவின் ‘பெல்கிரானோ’ கப்பலைத் தாக்கி மூழ்கடித்தது. பிரித்தானியாவே அறிவித்த 200 மைல் தடைவலயத்துக்கு வெளியே 323 பேர் மாண்டனர். 1991இல் அமெரிக்காவின் ‘லூயிவில்’ செங்கடலின் அடியிலிருந்து ஈராக் மீது ஏவுகணை எய்தது. இவற்றுள் எது தற்காப்பு?

ருஷ்யாவும் சீனாவும் கட்டவில்லையா என்பர். கட்டுகின்றன; அதனால் குற்றம் பெருகுமேயன்றிக் குறையாது. 1963இல் ‘திரெஷர்’ கப்பலோடு 129 அமெரிக்கரும், 2000இல் ‘கூர்ஸ்க்’ கப்பலோடு 118 ருஷ்யரும் கடலடியில் மடிந்தனர். தொழிலாளர் பெற்ற பிள்ளைகளைக் காவுகொள்வதில் கொடிகளிடையே பேதமில்லை.

இன்று இந்நோய் அணுவாயுதமற்ற நாட்டையும் பற்றியுள்ளது. 2021இல் அறிவிக்கப்பட்ட ‘ஓக்கஸ்’ உடன்பாட்டின்படி அவுஸ்திரேலியா இத்தகைய கப்பல்களைப் பெறவுள்ளது. அதற்கான செலவு 26,800 கோடி முதல் 36,800 கோடி அவுஸ்திரேலிய டொலர்வரை என 2023இல் மதிப்பிடப்பட்டது. அமெரிக்க, பிரித்தானியக் கப்பல்களின் உலைகளில் எரிவது குண்டு செய்யும் தரத்து யூரேனியம். சர்வதேச மேற்பார்வை விதிகளோ கப்பல் எரிபொருளைச் சோதனைக்குப் புறத்தே வைக்க இடமளிக்கின்றன. அவ்வழியே நாளை வேறெவரும் நுழையலாம்.

அமெரிக்க, பிரித்தானிய நீர்மூழ்கிகள் 2027 முதல் மாறிமாறித் தங்கத் திட்டமிட்ட ஸ்டேர்லிங் தளம் மேற்கு அவுஸ்திரேலியாவில், இந்து சமுத்திரக் கரையில் உள்ளது. அச்சமுத்திரத்தைச் சமாதான வலயமாக 1971இல் ஐக்கிய நாடுகள் சபை பிரகடனம் செய்தது. அப்பிரேரணையை முன்வைத்தது நமது நாடு. அத்தீர்மானம் ஏட்டிலேயே உறங்குவதா? அணுவைப் பிளக்கும் விதியை வகுப்பில் போதிக்கும் ஆசிரியர்களே, அதைப் பயிலும் மாணவர்களே, அவ்விதி யாருடைய கையில், யாருக்கு எதிராக இயங்குகிறது என்பதையும் சேர்த்தே விவாதியுங்கள். அவ்வினாவை ஒதுக்கிய விஞ்ஞானக் கல்வி பாதிக் கல்வியே.