படம் பார்த்து அழுதால் போதுமா?

சுருளிப்பட்டித் திராட்சைத் தோட்டத்தில் வேலை முடிகிறது. குடும்பத்தோடு படம் பார்க்கிறோம். திரையில் ஏழைப் பெண் அழுதால் நாமும் அழுகிறோம். நல்லதுதான். ஆனால், அது போதுமா?

ஒரு டைரக்டரின் கதையைக் கேளுங்கள். அவர் பெயர் பிரான்ஸ் ஆஸ்டன். ஜெர்மனிக்காரர். 1876-ல் மூனிச் நகரில் பிறந்தவர். இமான்சு ராயுடன் சேர்ந்து, புத்தர் கதையை 1925-ல் மவுனப் படமாக எடுத்தார். பிறகு பம்பாய் டாக்கீசில் பல இந்திப் படங்களை இயக்கினார். அவருக்கோ இந்தி தெரியாது!

1936-ல் அவர் எடுத்த படம் "அச்சுத் கன்யா". தீண்டாதவள் என்று ஒதுக்கப்பட்ட பெண், பிராமண வாலிபனை நேசிக்கிறாள். சாதி அவர்களைப் பிரிக்கிறது. முடிவில் அவள் ரயிலில் அடிபட்டுச் சாகிறாள். தேவிகா ராணியும் அசோக்குமாரும் நடித்தார்கள். படம் பெரும் வெற்றி பெற்றது.

அதே ஆஸ்டன், மனிதரைப் பிறப்பால் பிரித்த ஹிட்லரின் நாஜிக் கட்சியில் உறுப்பினர்! 1939-ல் உலகப் போர் மூண்டது. வெள்ளையர் அரசு அவரைக் கைது செய்தது. அத்துடன் அவருடைய இந்தியப் பட வாழ்க்கை முடிந்தது.

படம் சொன்னது ஒன்று. எடுத்தவர் சேர்ந்த இடம் வேறு. நாமும் அப்படி இருக்கலாமா? திரையில் சாதியை வெறுத்துவிட்டு, வீட்டுக் கல்யாணத்தில் சாதி கேட்கலாமா?

படத்துக்கு அழுத கண், பக்கத்துத் தெருவையும் பார்க்கட்டும்!