வண்டி செய்த குற்றம் என்ன?

“வண்டியை உரியவரிடம் ஒப்படைக்க!” என்று ஆணையிடுகிறது நீதிமன்றம். ஆணையைக் கையிலேந்தி, அகமகிழ்ந்து, காவல் நிலைய முற்றத்திற்கு ஓடுகிறான் ஏழை. அங்கே அவன் காண்பது வண்டியையா? இல்லை, வண்டியின் எலும்புக்கூட்டை! மழையிலே நனைந்து, வெயிலிலே வெந்து, இருக்கை கிழிந்து, சக்கரம் மண்ணிலே புதைந்து, இரும்பெல்லாம் துருவாகி நிற்கிறது, கடன்பட்டு வாங்கிய அவன் வண்டி. எந்த ஊர் முற்றம் என்று சுட்ட வேண்டுவதில்லை. தமிழகத்திலே பல ஊர்களில் காணும் காட்சிதான்.

புதுக்கடையிலிருந்து இதனை எழுதுகிறோம். தமிழகத்தோடு இணைய வேண்டும் என்று கேட்டதற்காக, 1954 ஆகஸ்டு 11 அன்று துப்பாக்கிக் குண்டுக்குத் தமிழர் பலியான ஊர் இது. தேங்காய்ப்பட்டணத்தில் மீன் எடுத்து, வண்டியின் பின்னே பெட்டி கட்டி, ஊர் ஊராக விற்றுப் பிழைப்போர் நிறைந்த வட்டாரம். உழவனுக்கு ஏர் எப்படியோ, அவர்களுக்கு வண்டி அப்படி. அந்த வண்டியைத் தம்பி ஒருநாள் இரவல் கேட்டு எடுத்துச் செல்கிறான் என்று வைத்துக்கொள்வோம். பெட்டியிலே மதுப்புட்டிகள், பிடிபடுகிறான். சில நாளில் தம்பி ஜாமீனில் வந்துவிடுகிறான். வண்டி வரவில்லை! குற்றம் சாட்டப்பட்டவனுக்குக் கிடைக்கும் விடுதலை, வாயில்லா வண்டிக்குக் கிடைப்பதில்லை. தண்டனையோ, தம்பிக்கும் அன்று, வண்டிக்கும் அன்று. அண்ணன் வீட்டு அடுப்புக்கு!

சட்டம் இருக்கிறதே என்பர். இருக்கிறது. ஆச்சாரியார் ஆட்சியில் சேலத்திலே மதுவிலக்கு தொடங்கிய 1937ஆம் ஆண்டுச் சட்டம். இன்றும் அதன் பெயர் மதுவிலக்குச் சட்டமே! அதன் நிழலிலேதான் 1983இல் டாஸ்மாக் பிறந்தது. 2003 முதல் சில்லறைக் கடையையும் தானே நடத்துகிறது. விற்பதும் அரசு, பிடிப்பதும் அரசு, வண்டியை வைத்துக்கொள்வதும் அரசு! மதுவை ஒழிக்கத் தம் சொந்தத் தோப்பின் தென்னைகளையே வெட்டிச் சாய்த்தார் பெரியார். தம் மரத்தை வெட்டினாரேயன்றி, அடுத்தவன் ஏணியைப் பிடுங்கவில்லை.

கைப்பற்றுவது வேறு, பறிமுதல் செய்வது வேறு. முன்னது சாட்சியத்துக்காக, பின்னது தண்டனை. ஆனால் நடப்பதென்ன? “பறிமுதல் நடவடிக்கை தொடங்கிவிட்டது” என்ற ஒற்றை வரியைக் காட்டி விடுவிப்பை எதிர்க்கிறது அரசுத் தரப்பு. தீர்ப்பு வருமுன்னே தண்டனை வந்துவிடுகிறது!

இதனை நாம் மட்டுமா சொல்கிறோம்? சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. கைப்பற்றிய பொருளைக் காவல் நிலையத்தில் நெடுநாள் போட்டு வைக்காதே; 15 நாள், மிஞ்சினால் ஒரு மாதம்; வண்டியைப் படமெடு, விவரம் எழுது, பிணைமுறி வாங்கு, உரியவரிடம் கொடு என்றது. மதுவுக்கும் வழி சொன்னது: மாதிரி எடுத்துக்கொண்டு விரைந்து அப்புறப்படுத்து என்றது. இத்தனை ஆண்டுகள் கழிந்தும், முற்றங்களிலே துரு குறையவில்லையே, ஏன்?

ஆணை கிடைத்தாலும் அல்லல் தீர்வதில்லை. வண்டியின் மதிப்புக்குப் பிணைமுறி; சொத்துள்ள ஜாமீன்தாரர் இருவர்; அவர்களின் வரி ரசீது; வக்கீல் கட்டணம். குழித்துறை நீதிமன்றத்தில் மனு தள்ளுபடியானால் மதுரைக் கிளைக்குப் பயணம். பழைய மீன் வண்டியின் விலை, இந்தச் செலவுக்கு ஈடாகுமா? கணக்குப் போட்டுப் பார்த்து, வண்டியையே கைவிடுகிறவர் உண்டு. பள்ளியில் நாம் கற்பிக்கும் கழித்தல் கணக்கைவிட எளிய கணக்கு அது.

எரிசாராயம் கடத்தும் லாரிக்கு நாம் வக்காலத்து வாங்கவில்லை. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியிலே நச்சுச் சாராயம் அறுபதுக்கும் மேற்பட்ட உயிர்களைக் குடித்ததை நாம் மறக்கவில்லை. அந்த வணிகரின் வாகனத்தை அரசு எடுத்துக்கொள்ளட்டும், தீர்ப்புக்குப் பின் ஏலமும் விடட்டும். நாம் கேட்பது, இரவல் கொடுத்த அண்ணனுக்காக. அவன் ஏழையாயின் சொந்தப் பிணைமுறி போதும் என்க, ஜாமீன்தாரர் கேளாதிருக்க. படமெடுத்த மறுவாரமே வண்டியைத் தருக. தராமல் வைத்திருந்து, துருவாக்கிக் கொடுத்தால், அந்தத் துருவுக்கு விலை கொடுப்பவர் யார்? விடுவிப்பு ஆணைகளிலே அந்த ஒரு வரியையும் எழுதச் சொல்லிக் கேட்கிறோம்.