பயம் என்று சொன்ன பதினோரு வருஷம்

"பயந்திருப்பா. ஓமத்தண்ணி குடுங்க, சரியாயிரும்."

முக்கூடலில் இருக்கும் என் மதினிக்கு நெஞ்சு படபடத்த போதெல்லாம் எங்கள் வீட்டில் பதினோரு வருஷம் சொல்லிவந்தது இதைத்தான். நானும் சொல்லியிருக்கிறேன். மதினி பீடித் தட்டை மடியில் வைத்துச் சுற்றிக்கொண்டிருப்பார். கீழே விழுந்த இலையை எடுக்கக் குனிவார். நிமிர்வதற்குள் நெஞ்சு தறிகெட்டு அடிக்க ஆரம்பித்துவிடும். கால் மணி நேரமோ ஒரு மணி நேரமோ அடித்துவிட்டு, சொல்லிவைத்தாற்போல் நின்றுவிடும். திருநீறு போட்டார்கள், தாயத்துக் கட்டினார்கள், வாயு மாத்திரை கொடுத்தார்கள். ஒரு டாக்டர் தூக்க மாத்திரை எழுதிக் கொடுத்து, "மனசைத் திடமா வச்சுக்கோங்க" என்றார். கடைசியில் ஒருநாள் படபடப்பு நிற்கவே இல்லை. ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு ஓடினோம். துடிப்பு ஓடிக்கொண்டிருக்கும்போதே ஈசிஜி எடுத்தார்கள். நிமிஷத்துக்கு 190. பதினோரு வருஷ நோய் என்னவென்று சொல்ல அந்த ஒரு தாள் போதுமாயிருந்தது. இதயத்தின் ஏ.வி. கணுவில் மின்சாரம் சுற்றிச் சுற்றி வருகிறது என்றார்கள்.

படபடப்பு என்று ஒரு பெண் சொன்னால் நம் ஊர்களில் கிடைக்கும் பதில் பெரும்பாலும் நாலுதான். பயம், வாயு, ஈசிஜி நல்லாத்தானே இருக்கு, அதையும் மீறினால் ஹார்ட் அட்டாக். இந்த நோயைப் பொறுத்தவரை நாலுமே தவறு.

முதலில் பயம். பயத்தால் அடிக்கும் நெஞ்சு மெல்ல ஏறி மெல்ல இறங்கும். மதினிக்கு வந்தது ஒரே துடிப்பில் தொடங்கி ஒரே துடிப்பில் நிற்பது. இந்த வித்தியாசம் ஏன் என்று தெரிந்துகொள்ள ஏ.வி. கணுவைத் தெரிந்துகொள்ள வேண்டும். இதயத்தின் மேலறைகளும் கீழறைகளும் சேரும் இடத்தில் இருக்கும் சிறு தசைக்கூட்டம் அது. ஜெர்மனியின் மார்பர்க் நகரில் ஆய்வு செய்துகொண்டிருந்த சுனாவோ தவாரா என்ற ஜப்பானிய மருத்துவர் 1906இல் அதை விவரித்து எழுதினார். மேலறையிலிருந்து வரும் மின்சாரத்தை அந்தக் கணு விநாடியில் பத்தில் ஒரு பங்கு நேரம் நிறுத்தி, கீழறை ரத்தத்தால் நிறைந்தபின் கீழே விடுகிறது. கோடைமேலழகியானில் தொடங்கி ஸ்ரீவைகுண்டம் வரை தாமிரபரணியில் எட்டு அணைக்கட்டுகள் தண்ணீரைத் தேக்கிக் கால்வாய்களுக்கு அனுப்புகின்றனவே, ஏறக்குறைய அந்த வேலைதான்.

சிலருக்கு இந்தக் கணுவின் பக்கம் வந்து சேர இரண்டு பாதைகள் இருக்கும். ஒன்று வேகமானது, ஆனால் ஒருமுறை மின்சாரம் போனபின் மீண்டும் தயாராக நேரம் எடுக்கும். மற்றது மெதுவானது, ஆனால் சீக்கிரம் தயாராகிவிடும். நேரம் தப்பி ஒரு துடிப்பு முந்திக்கொண்டு வரும்போது வேகப்பாதை இன்னும் மூடியிருக்கும். மின்சாரம் மெதுபாதை வழியாகக் கீழே இறங்கும். அது அடியை எட்டும் நேரத்தில் வேகப்பாதை திறந்துவிட, அதன் வழியே மேலேறி, மறுபடி மெதுபாதையில் இறங்கும். ஆற்றுத் தண்ணீர் இப்படி மேலேறாது, மின்சாரம் ஏறும். செக்குமாடு போன்ற இந்தச் சுற்றின் ஒவ்வொரு வட்டத்துக்கும் இதயம் ஒருமுறை துடிக்கும். சுற்று எங்காவது ஓரிடத்தில் அறுந்தால் அந்தக் கணமே எல்லாம் அடங்கிவிடும். குனிந்து நிமிர்வதும் இதைத் தொடங்கிவைக்கும். பெண்களுக்கு இது ஆண்களைவிட ஏறத்தாழ இருமடங்கு வருகிறது. பயம் இருக்கத்தான் செய்யும். 190இல் நெஞ்சு அடித்தால் யாருக்குத்தான் பயம் வராது? படபடப்பு முதலில், பயம் பிறகு. அமெரிக்காவில் 1997இல் வெளிவந்த ஓர் ஆய்வில், இவ்வகைத் திடீர்த் துடிப்பு நோய் இருந்த 107 பேரில் 67 சதவீதத்தினரின் அறிகுறிகள் பதற்ற நோய்க்கான இலக்கணத்துக்கு அப்படியே பொருந்தின. பாதிக்கு மேற்பட்டவர்களுக்கு முதல் பரிசோதனையில் உண்மையான நோய் பிடிபடவில்லை.

வாயு என்பவர்களிடம் இரண்டு கேள்விகள். கழுத்து ஏன் துடிக்கிறது? படபடப்பு அடங்கியதும் சிறுநீர் ஏன் அப்படி முட்டிக்கொண்டு வருகிறது? மதினி இரண்டையும் எத்தனையோ முறை சொன்னார், யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. இந்தச் சுற்றில் மேலறையும் கீழறையும் ஒரே நேரத்தில் சுருங்குகின்றன. மூடிய வால்வில் மோதும் ரத்தம் கழுத்து ரத்தக்குழாய்க்குள் எதிர்த்து ஏறுகிறது. விரிந்துபோன மேலறை ஒரு ஹார்மோனைச் சுரக்கிறது, அது சிறுநீரைப் பெருக்குகிறது. ஓமத்தண்ணி இரண்டுக்கும் மருந்தில்லை.

ஈசிஜி சரியாக இருப்பதுதான் பலரை ஏமாற்றுகிறது, மருத்துவர்களையும்கூட. சித்திரை வெயிலில் தாமிரபரணியின் கொக்கிரகுளம் பாலத்தில் நின்று பார்த்துவிட்டு, இந்த ஆற்றில் வெள்ளமே வராது என்று சொல்ல முடியுமா? 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் அதே ஆறு ஊருக்குள் வந்தது. இந்தச் சுற்று ஓடாத நேரத்தில் ஈசிஜி பெரும்பாலும் குறையில்லாமல்தான் இருக்கும். மாதம் ஒருமுறை வரும் படபடப்பை 24 மணி நேரம் மாட்டிவிடும் ஹோல்ட்டர் கருவியும் தவறவிடலாம். படபடப்பு ஓடிக்கொண்டிருக்கும்போது எடுக்கும் ஈசிஜிதான் சாட்சி.

ஹார்ட் அட்டாக் என்று அலறுவது மறுகோடி. அது ரத்தக்குழாய் அடைபடுவது. இது குழாயில் இல்லை, கரண்டில். ஆனாலும் மயக்கம், நெஞ்சுவலி, மூச்சுத்திணறல் கூட வந்தால் எந்த நோய் என்று வீட்டில் பட்டிமன்றம் நடத்தாமல் 108ஐ அழைக்க வேண்டும்.

அதே கணு மெதுவாகவும் அடிக்கும். மேலிருந்து கட்டளை வராமல் போனால் கணு இருக்கும் இந்தச் சந்திப்பே நிமிஷத்துக்கு 40 முதல் 60 வரை துடிப்பை உண்டாக்கி உயிரைக் காக்கும். நன்றாக உடற்பயிற்சி செய்யும் இளைஞர் தூங்கும்போது இது தெரிந்தால் கவலையில்லை. வயதானவருக்குத் தலைசுற்றலோடு வந்தால் கவலைப்பட வேண்டும். இங்கே நம் பக்கத்து வழக்கு ஒன்றையும் மறுத்தாக வேண்டும்: "அரளி விதைதானே, வாந்தி எடுத்துட்டா, இனி பயமில்ல." மஞ்சள் அரளியின் நஞ்சு இந்தக் கணுவையும் தாக்குகிறது. நன்றாகப் பேசிக்கொண்டிருப்பவருக்கும் பல மணி நேரம் கழித்து இதயத் துடிப்பு தடுமாறும். உடனே பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்து மானிட்டரில் வைத்தால் காப்பாற்ற முடியும், காப்பாற்றிக்கொண்டும் இருக்கிறார்கள். மனம் உடைந்து நிற்பவர் யாராவது உங்கள் வீட்டில் இருந்தால் அவரைத் தனியே விடாதீர்கள். பேசுவதற்கு 104 எண் இருக்கிறது.

கடைசியாக, இதற்கான சிகிச்சையைப் பற்றிய "சூடு வைப்பாங்களாம், இதயம் கெட்டுப்போயிருமாம்" என்ற பேச்சு. மதினியையும் இரண்டு வருஷம் தடுத்தது இதுதான். செய்வது என்னவென்றால், தொடை ரத்தக்குழாய் வழியே மெல்லிய கம்பியை அனுப்பி, மெதுபாதை இருக்கும் சிறு இடத்தை மட்டும் சுடுவார்கள். வேகப்பாதை அப்படியே இருக்கும். நெஞ்சைத் திறப்பதில்லை. 1990களின் தொடக்கத்திலிருந்து நடந்துவரும் சிகிச்சை; நூற்றில் 95 பேருக்கு மேல் குணமாகிறது. கணுவே சேதப்பட்டுப் பேஸ்மேக்கர் வைக்க நேரும் ஆபத்து நூற்றுக்கு ஒன்றோ அதற்கும் குறைவோ. அதையும் மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். எல்லோருக்கும் இது தேவையில்லை. எப்போதாவது வந்து போகிறவர்களுக்கு மாத்திரையோ, டாக்டர் சொல்லித்தரும் முக்கும் பயிற்சியோ போதும். உட்கார்ந்து 15 விநாடி முக்கி ஊதிவிட்டு, உடனே மல்லாந்து படுத்துக் காலை உயர்த்திப் பிடிப்பது; இங்கிலாந்தில் 2015இல் வெளியான ஆய்வில் இப்படிச் செய்தவர்களில் 43 சதவீதத்தினருக்குத் துடிப்பு அடங்கியது. காலை உயர்த்தாத பழைய முறையில் 17 சதவீதம்தான். ஆனால் கழுத்தை நீங்களாக அழுத்திப் பார்க்கக் கூடாது.

மதினி இப்போது குனிந்து இலை பொறுக்குகிறார், குடம் தூக்குகிறார். சிகிச்சைக்குப் பின் ஒருமுறையும் வரவில்லை.

உங்கள் வீட்டில் யாருக்காவது இப்படித் திடீரென்று தொடங்கித் திடீரென்று நின்றால், அடுத்த முறை அடங்கட்டும் என்று காத்திருக்க வேண்டாம். அடித்துக்கொண்டிருக்கும்போதே பக்கத்தில் ஈசிஜி கருவி இருக்கும் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போங்கள். அந்தத் தாளைக் கேட்டு வாங்குங்கள். நாளாக ஆக அதிலுள்ள கோடுகள் வெளிறிப்போகும், அதனால் அன்றைக்கே செல்போனில் படம் பிடித்து வையுங்கள்.