நாவற்கனியும் பன்னீராண்டும்: மாய ஆற்றலை அளத்தல் பற்றி ஒரு கருத்துரை

மேலைநாட்டு மிகுபுனைவில் மாய ஆற்றலுக்கு அளவும் செலவும் உண்டு. தமிழ்க் காப்பியங்களிலோ அஃது அளவிறந்த அற்புதமாகவே நிற்கிறது. ஆய்வரங்குகளில் இக்கருத்து ஐயத்திற்கு இடமின்றிக் கூறப்படுகிறது. இதனை ஏற்பதற்கில்லை.

இன்று இளைய புனைவாளர் கையாளும் 'மனா' என்னும் சொல் மெலனீசிய, பாலினீசியத் தீவுகளிலிருந்து வந்தது. காட்ரிங்டன் 1891இல் வெளியிட்ட நூலால் அது மானிடவியலாரிடையே பரவியது. 1969இல் லாரி நிவன் ஒரு சிறுகதையில் அதனை எடுக்க எடுக்கக் குறைந்து தீர்ந்துபோகும் நிலவளமாகப் படைத்தார். பின்னர்க் கணினி விளையாட்டுகளில் அது திரையோரத்தில் தேயும் நீலக்கோடாயிற்று. அந்தக் கோட்டைத் தேடித் தமிழ் நூல்களுக்குள் நுழைவோர்க்கு அது கிடைப்பதில்லை. கிடைக்காமை கண்டு அளவே இல்லை என்று முடிவு கட்டுகின்றனர்.

மணிமேகலையில் காயசண்டிகை வரலாற்றை இக்கண்கொண்டு மீளப் படிக்கலாம். பொதியிற் பக்கத்து ஆற்றங்கரையில் விருச்சிகன் என்னும் முனிவன் தேக்கிலையில் வைத்துச் சென்ற நாவற்கனியை அவ்விஞ்சைமகள் காலாற் சிதைக்கிறாள். அக்கனி பன்னீராண்டுக்கு ஒருமுறை ஒன்றே கனிவது. உண்டார்க்குப் பன்னீராண்டு பசி தோன்றாது. முனிவனும் பன்னீராண்டில் ஒருநாளே உண்பவன். அவன் இட்ட சாபத்தால் அவள் வான்வழிச் செல்லும் மந்திரத்தை மறக்கிறாள். யானைத்தீ நோய் வயிற்றில் பற்றுகிறது. அடுத்த கனியை அவன் உண்ணும் நாளே அப்பசி தீரும் நாள்.

இங்கு அளவு மூன்று இடங்களில் ஒன்றாகவே நிற்பதைக் காண்க. மரம் கனிய எடுக்கும் காலம், கனி தாங்கும் காலம், சாபம் நீளும் காலம் ஆகிய மூன்றும் பன்னீராண்டே. கனியுள் அடங்கிய ஆற்றலின் அலகு ஆண்டு. அளக்கும் கருவி வயிறு. சிதைந்த கனியின் ஆற்றல் அப்படியே எதிர்ப்புறம் திரும்பி மற்றோர் உடலில் பசியாகப் பதிகிறது என்று கூறத் தோன்றும். ஆயின் கணக்கு அவ்வளவு நேரானதன்று. கனியை இழந்த முனிவனும் அடுத்த கனிவரை உண்ணாதிருக்க வேண்டியவனே. ஒரே இழப்பு இருவர் ஏட்டில் பற்றெழுதப்படுகிறது. ஆற்றல் அழியாது மாறும் என்னும் இயற்பியற் கணக்கன்று இது, கடன் கணக்கு. நிவன் படைத்த வளம் தீர்ந்தால் மந்திரவாதியின் வலிமை போகிறது, அவ்வளவே. சாத்தனாரின் கணக்கில் தீங்கிழைத்தவளும் தீங்குற்றவனும் ஒருசேரக் காத்திருக்கின்றனர்.

அமுதசுரபி இதற்கு மறுதலையானது. கொடுக்கக் கொடுக்க அது குறைவதில்லை, எனினும் எல்லையற்றதன்று. மழை பெய்து வளம் சுரந்து, உண்பார் இல்லாத நிலை வந்தபோது ஆபுத்திரன் கையில் அது பயனற்றதாகிறது. அவன் அதனை மணிபல்லவத்துக் கோமுகிப் பொய்கையில் விடுகிறான். பிறர் பசியே அதன் எரிபொருள் எனலாம். (எரிபொருள் என்னும் சொல் உரையாசிரியர்க்கு உவப்பாயிராது, பொறுத்தருள்க.)

மணிமேகலா தெய்வம் அருளிய மூன்று மந்திரங்களுக்கு இத்தகைய அளவு கூறப்படவில்லையே எனலாம். உண்மையே. வேற்றுருக் கொள்ளலுக்கும் வான்செலவிற்கும் பசியறுத்தலுக்கும் விலை எதுவும் நூலில் குறிக்கப்படவில்லை. ஆகவே மணிமேகலை முழுமைக்கும் ஒரே அளவுமுறை உண்டென நான் வாதிடவில்லை. அளவுள்ள மாயமும் அளவில்லா மாயமும் ஒரே காப்பியத்துள் அருகருகே உள்ளன. அவற்றை 'அற்புத நிகழ்ச்சிகள்' என்னும் ஒற்றைத் தலைப்பின்கீழ் அடுக்குவதே பிழை.

இவ்விருமையைக் காட்ட இலக்கியத்திற்குப் புறத்தே ஒரு சான்று தரலாம். காஞ்சியை அடுத்த கூரத்தில் கிடைத்த முதலாம் பரமேசுவரவர்மனின் செப்பேடு ஏழாம் நூற்றாண்டினது. ஹூல்ஷ் பதிப்பித்த தென்னிந்தியக் கல்வெட்டுகள் முதற்றொகுதியில் 1890இல் அச்சேறியது. அதன் வடமொழிப் புகழுரையில் விக்கிரமாதித்தனின் படை இலக்கக்கணக்கில் பெருகி, கந்தையொன்றே துணையாக அவன் ஓடியதாகக் கூறப்படுகிறது. அதே செப்பேட்டின் கொடைப்பகுதிக்கு வந்தால் ஊர் இருபத்தைந்து பங்காகிறது. அவற்றுள் ஒரு பங்கு மண்டபத்திற்குத் தண்ணீரும் தீயும் தருவதற்கு, ஒரு பங்கு அம்மண்டபத்தில் பாரதம் வாசிப்பதற்கு. கதை கேட்பதற்கு ஆகும் செலவை இருபத்தைந்தில் ஒன்று என அறுதியிட்ட சமூகத்திற்குப் புனைவுக்குள் அளவு தெரியாது என்பது எங்ஙனம் பொருந்தும்? புகழுரையை மட்டும் படித்துக் கொடைப்பகுதியை விடுவது போன்றே நம் காப்பிய ஆய்வு நடக்கிறது.

மணிமேகலையின் இறுதிக் களமும் இக்காஞ்சியே. பஞ்சமுற்ற அந்நகரில் அமுதசுரபி மீண்டும் பயன்படுகிறது.

இனிச் செய்யத்தக்கது, காப்பியங்களில் வரும் சாபம், வரம், மந்திரம் ஒவ்வொன்றிற்கும் காலம், நிபந்தனை, இழப்பு ஆகியவற்றைப் பாடலடி வழியே அட்டவணைப்படுத்துவது. அதில் முதலில் எதிர்ப்படும் சிக்கல் காயசண்டிகையிடமே உள்ளது. மணிமேகலை இட்ட ஒரு பிடி உணவால் அவள் பசி அவிகிறது. பின்னர்ப் பன்னீராண்டு கழிந்ததென்று கணவன் காஞ்சனன் தேடி வருகிறான். பசியைத் தீர்த்தது பாத்திரமா, முடிந்த தவணையா?