பாவம் பார்க்கிறவர்களுக்கு

வன்னியில் ஒட்டுசுட்டான் பக்கம் சில வீடுகளைப் பற்றிப் பேச்செடுத்தால், "பாவம், ஆம்பிளை இல்லாத வீடு" என்று பெருமூச்சோடு முடித்துவிடுவார்கள். சொல்கிறவர்கள் நல்ல சனம்தான். ஆனால் அந்தப் பெருமூச்சுக்குள் ஒரு நம்பிக்கை குந்தியிருக்கிறது: வீட்டை நடத்துகிறவன் ஆண், அவன் போனால் வீடு நடக்காது. பச்சைப் பொய்.

யுத்தம் முடிந்த 2009க்குப் பிறகு "பெண் தலைமைத்துவக் குடும்பம்" என்ற பெயர் அடிக்கடி அடிபட்டது, ஏதோ வன்னியில் யுத்தம் பெற்றுப்போட்ட புதினம் மாதிரி. இலங்கை முழுவதிலுமே ஏறத்தாழ நாலில் ஒரு வீட்டுக்குத் தலைமை பெண்தான். சரி, மற்ற மூன்று வீடுகளில் என்ன நடக்கிறது? விடியப்புறம் எழும்பி அடுப்பு மூட்டிப் புட்டவித்து, சம்பல் இடித்து, பிள்ளைகளை வெளிக்கிடுத்தி, மாங்குளம் பஸ்ஸுக்கு ஓடுகிறவரிடம் சாப்பாட்டுப் பார்சலை நீட்டி, கச்சான் பிடுங்கக் கூலிக்குப் போய், பொழுதுபட வந்து குந்தி, கடன் தவணைக்கு யாரிடம் மாறுவது என்று தலையைப் பிய்க்கிறவள் யார்? கச்சான் காணியில் பக்கத்தில் நின்ற ஆணுக்கு அவளைவிடக் கூடக் கூலி, அது வேறு கதை. உழைக்கிற ஆண்கள் இல்லையென்று நான் சொல்லவில்லை. உழைப்பு வேறு, வீட்டை நடத்துவது வேறு.

"அப்படியென்றால் அவளவை ஏன் ஒரு கையெழுத்துக்கும் தமையனைக் கூட்டிக்கொண்டு அலையினம்?" என்று கேட்பார்கள். அலைய வைத்ததே, ஆண்தான் வீட்டை நடத்துகிறவன் என்ற அந்த நம்பிக்கைதான். சட்டத்திலும் அது ஏறிக் குந்தியது. வடக்குத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமைக்கு உட்பட்ட மனைவி, தன் சீதனக் காணியைக்கூடக் கணவனின் எழுத்துமூலச் சம்மதமில்லாமல் விற்க முடியாது. 1911இன் கட்டளைச் சட்டம் அப்படிச் சொல்கிறது. அவன் இருக்கிற இடமே தெரியாவிட்டால் மாவட்ட நீதிமன்றப் படியேற வேண்டும். வன்னியில் எத்தனை பேருக்கு அந்த நிலை என்று விளக்கத் தேவையில்லை. குடியேற்றத் திட்டங்களின் பெர்மிட் காணியோ 1935இன் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்துக்குக் கீழே வருவது. பின்னுரித்து எழுதிவைக்காமல் ஆள் செத்தால், மகள்மாருக்கு முன்னால் மகனுக்குத்தான் உரிமை என்றது அதன் அட்டவணை. அதைத் திருத்த 2022 வரை எடுத்தது. கையைக் கட்டிவிட்டு, "பார், அவளால் நீந்தேலாது" என்கிற நியாயம் இது.

சட்டத்தை மட்டும் குற்றம் சொல்லித் தப்பவும் முடியாது. முத்தையன்கட்டுக் குளத்துத் தண்ணியை நம்பிச் சிறுபோகம் செய்கிற பெண், இரவில் டோர்ச் வெளிச்சத்தில் தன் முறைக்கு வாய்க்கால் மறித்துப் பாய்ச்சுகிறாள். எத்தனை ஏக்கர் விதைப்பது, எப்போது தண்ணி திறப்பது என்று தீர்மானிக்கிற கூட்டத்துக்கு மட்டும் பத்தொன்பது வயது மகன் போய்க் கதிரையில் இருக்கிறான். "பொம்பிளையள் வந்து என்ன கதைக்கப்போகினம்?" என்று கேட்ட கமக்காரர் அமைப்புக்காரர்களே, அடுத்த கூட்டத்துக்கு அவளைக் கூப்பிடுங்கள். எந்த வாய்க்காலில் கட்டு உடைந்து கிடக்கிறது, யார் முறை தவறித் தண்ணி மறிக்கிறான் என்று அந்தப் பொடியனுக்குத் தெரியாது.